மதினி அனுப்பாத அழைப்பு

2015 அக்டோபர் 28 அன்று ஃபேஸ்புக் நிறுவனர் மார்க் ஸக்கர்பர்க் டெல்லி ஐஐடிக்கு வந்து மாணவர்களின் கேள்விகளுக்குப் பதில் சொன்னார். அவருடைய நிறுவனத்தின் இலவச இணையத் திட்டம் சரியா, தவறா என்று நாடே விவாதித்துக்கொண்டிருந்த நேரம் அது. ஆனால் முன்கூட்டியே இணையத்தில் பதிவாகி அதிக வாக்குகளைப் பெற்ற கேள்வி அதைப் பற்றியதாக இல்லை. கேண்டி கிரஷ் விளையாட வரச் சொல்லி அழைப்பு மேல் அழைப்பாக வந்துகொண்டிருக்கிறதே, அதை நிறுத்துவது எப்படி என்பதுதான் கேள்வி. அரங்கம் சிரித்தது. ஸக்கர்பர்க் சிரிப்போடு விட்டுவிடவில்லை. ஒருமுறைகூட விளையாடாதவர்களுக்கும் அழைப்பு அனுப்ப வழிசெய்யும் பழைய கருவிகள் சில இன்னும் இருக்கின்றன, அவற்றை மூடுவதற்கு இதுவரை முன்னுரிமை தரவில்லை, இனித் தருவோம் என்ற பொருளில் பதில் சொன்னார்.

அந்தப் பதிலை ஒப்புதல் வாக்குமூலமாகவே எடுத்துக்கொள்ளலாம். அழைப்புத் தொல்லை தானாக முளைத்ததில்லை. அதற்கென்று கருவி செய்து கொடுத்திருந்தார்கள், மூடுவதற்கு யாருக்கும் அவசரம் இருக்கவில்லை.

அதற்குப் பிறகு பத்தாண்டுகள் ஓடிவிட்டன. உசிலம்பட்டிப் பக்கம் ஏதாவது ஒரு பங்காளிகள் வாட்ஸ்அப் குழுவைத் திறந்து பாருங்கள். மாசி சிவராத்திரிக்குக் குலதெய்வக் கோவில் வரி எவ்வளவு என்ற அறிவிப்பு, ஒரு காதுகுத்துப் பத்திரிகை, ஒரு துக்கச் செய்தி, அதற்குக் கீழேயே லூடோ ஆட வரச் சொல்லி ஓர் இணைப்பு. துக்கச் செய்தியைத் தேடி மேலே போகிறவர் நான்கு ஆட்ட அழைப்புகளைத் தாண்டிப் போக வேண்டியிருக்கிறது. செல்போன் கடையில் கொண்டுபோய்க் கொடுத்து, 'இதெல்லாம் வராமல் செய்து கொடு தம்பி' என்று கேட்டால், கடைக்காரத் தம்பி பெரும்பாலும் எல்லா அறிவிப்புகளையும் அணைத்துக் கொடுத்துவிடுவார். மறுநாள் வர வேண்டிய செய்தியும் வராது.

இந்தச் சிக்கல் இவ்வளவு பிடிவாதமாக இருப்பதற்குத் தொழில்நுட்பம் பாதிக் காரணம்தான். மீதிப் பாதி, அழைப்பு எந்தப் பெயரில் வருகிறது என்பதில் இருக்கிறது.

செய்முறைக் கணக்கு

மதுரை, தேனி வட்டாரத்தில் செய்முறை என்றால் என்னவென்று விளக்க வேண்டியதில்லை. வீட்டு விசேஷத்திற்கு ஒருவர் செய்ததை நோட்டில் எழுதி வைக்க வேண்டும், அவர் வீட்டு விசேஷத்தில் அதைவிடக் கொஞ்சம் கூட்டித் திருப்பிச் செய்ய வேண்டும். ஒலிபெருக்கியில் ஊர், பெயர், தொகையோடு படிக்கிற வழக்கமும் உண்டு. இப்போது நோட்டுக்குப் பதில் கணினியில் பதிந்து ரசீது கொடுக்கிறார்கள். செய்யாமல் விட்டால் யாரும் வழக்குப் போடப் போவதில்லை. பேச்சுத்தான் வரும், அது தலைமுறைக்கும் நிற்கும்.

சமூக வலைதள ஆட்டங்கள் கைவைத்தது மனிதரின் இந்தக் குணத்தில்தான். ஃபேஸ்புக் தன் தளத்தை வெளி நிறுவனங்களின் செயலிகளுக்குத் திறந்துவிட்டது 2007 மே மாதம். 2009 ஜூனில் ஸிங்கா நிறுவனத்தின் ஃபார்ம்வில் வந்தது. அடுத்த ஆண்டுத் தொடக்கத்தில் மாதந்தோறும் 8 கோடிக்கும் அதிகமானவர்கள் அதில் வெள்ளாமை செய்துகொண்டிருந்தார்கள். பயிருக்கு உரம் போட அடுத்த வயல்காரர் வர வேண்டும். அடுத்த வயல்காரர் என்பவர் உங்கள் நண்பர். நண்பர் ஆடாதவராக இருந்தால் அழைத்து வர வேண்டும். அவர் வந்து உரம் போட்டுவிட்டுப் போனால், நீங்கள் போய் அவர் வயலில் போட வேண்டும். நண்பர்களின் தொல்லை தாங்க முடியாமல் புகார்கள் குவிந்தன. 2010 மார்ச் மாதம் ஃபேஸ்புக், ஆட்டங்கள் அனுப்பும் செய்திகளைப் பொது அறிவிப்புப் பகுதியிலிருந்து விலக்கியது.

2012 ஏப்ரலில் ஃபேஸ்புக்கிலும், அதே ஆண்டு நவம்பரில் செல்போனிலும் வந்த கேண்டி கிரஷ் இந்தக் கணக்கை இன்னும் கூர்மையாக்கியது. ஆட உங்களுக்கு 5 உயிர்கள். தோற்கத் தோற்க ஒவ்வொன்றாகப் போகும். போன உயிர் ஒன்று திரும்பி வர 30 நிமிடம் காத்திருக்க வேண்டும். காத்திருக்கப் பொறுமை இல்லாதவர் காசு கொடுக்கலாம், அல்லது நண்பரிடம் ஓர் உயிர் கேட்கலாம். காசு கொடுக்கிறவர்கள் எப்போதும் சிறுபான்மைதான். மற்றவர்கள் கேட்பார்கள். கேட்கிற ஒவ்வொரு முறையும் இன்னொருவர் செல்போனில் அந்த ஆட்டத்தின் பெயர் மின்னும். விளம்பரத்துக்குச் செலவழிக்க வேண்டிய பணம் நிறுவனத்துக்கு மிச்சம். 2016 பிப்ரவரியில் இந்த ஆட்டத்தை உருவாக்கிய கிங் நிறுவனத்தை ஆக்டிவிஷன் பிளிஸார்ட் 590 கோடி டாலருக்கு வாங்கியது. அந்த விலையில் நம் அத்தை, சித்தப்பா, பக்கத்து வீட்டார் எல்லாருடைய தயவும் அடக்கம் என்று சொன்னால் மிகையாகாது.

ஊர்ச் செய்முறைக்கும் இதற்கும் பெரிய வித்தியாசம் ஒன்று உண்டு. ஊரில் செய்கிறவர் தன் கைக்காசைச் செய்கிறார், விசேஷ வீட்டுக்காரருக்கு அந்த நேரத்து முடை தீருகிறது. ஆட்டத்தில் கைமாறுகிற உயிர் யாருடைய கைக்காசும் இல்லை. நிறுவனத்துக்கு அதனால் ஒரு பைசா செலவும் இல்லை. ஆனால் வாங்கியவர் மனதில் கடன்பட்ட உணர்வு மட்டும் அசலாகவே விழுந்துவிடுகிறது.

இதை மேற்கத்திய நோய் என்று ஒதுக்கிவிட முடியாது. தென் கொரியாவில் காகாவ்டாக் என்ற உரையாடல் செயலி உண்டு. நமக்கு வாட்ஸ்அப் போல அங்கே அது. 2012 கோடையில் அதனோடு இணைந்து அனிபாங் என்ற ஆட்டம் வந்தது. ஆட வேண்டுமானால் 'இதயம்' வேண்டும், இதயத்தை நண்பருக்கு அனுப்பலாம். தூங்குகிற நேரத்திலும் மேலதிகாரியிடமிருந்தும், பேச்சுவார்த்தை நின்றுபோன பழைய நண்பரிடமிருந்தும் இதயங்கள் வந்து விழுந்தன. பின்னர் அந்தச் செயலியிலேயே ஆட்டச் செய்திகளை மறுக்கும் வசதி வைத்தார்கள். உறவுமுறைக்கும் வயதுக்கும் மரியாதை பார்க்கிற சமூகங்களில் இந்த வித்தை கூடுதலாகப் பலிக்கும் என்றே நினைக்கிறேன். மேலதிகாரி அனுப்பிய இதயத்தைத் தட்டிக் கழிப்பது அங்கே கடினம். மாமனார் அனுப்பிய லூடோ அழைப்பைத் தட்டிக் கழிப்பது இங்கே கடினம்.

யார் அனுப்பியது?

இந்த உரையாடலை மதுரைப் பக்கம் பல வீடுகளில் கேட்கலாம்.

"மதினி, நேற்று ராத்திரி பன்னிரண்டு மணிக்கு நீங்கள் ஏதோ ஆட்டத்துக்குக் கூப்பிட்டிருந்தீர்களே?"

"நானா? ஒன்பது மணிக்கே படுத்துவிட்டேனே அம்மா. எனக்கு அதை எப்படி அனுப்புவது என்றுகூடத் தெரியாது."

மதினி பொய் சொல்லவில்லை. முதன்முறை ஆட்டத்தைத் திறந்தபோது, தொடர்புப் பட்டியலைப் பார்க்க அனுமதி கேட்டிருக்கும். 'நண்பர்களோடு ஆடு' என்ற பெரிய பச்சைப் பொத்தானை அழுத்தியிருப்பார். எல்லாப் பெயர்களும் ஏற்கெனவே தேர்வு செய்யப்பட்டுக் காத்திருந்திருக்கும். வேண்டாம் என்று சொல்லும் எழுத்து, சாம்பல் நிறத்தில் ஓர் ஓரத்தில் கிடந்திருக்கும். அதற்குப் பிறகு எப்போது, யாருக்கு, எத்தனை முறை நினைவூட்டுவது என்பது மதினியின் கையில் இல்லை. பெயர் மட்டும் அவருடையது.

இப்படி ஒருவர் பெயரில் நினைவூட்டல்களை அனுப்பிக்கொண்டே இருந்ததற்காக ஒரு பெரிய நிறுவனம் பணம் கொடுத்த வரலாறும் உண்டு. அது ஆட்ட நிறுவனமும் அல்ல, வேலை தேடுவோர் கூடும் லிங்க்ட்இன். பயனாளரின் மின்னஞ்சல் தொடர்புகளுக்கு, அவர் பெயரிலேயே, 'இன்னும் சேரவில்லையே' என்று மீண்டும் மீண்டும் மின்னஞ்சல் போனது. அமெரிக்காவில் வழக்குத் தொடுத்தார்கள். 2015இல் 1.3 கோடி டாலர் கொடுத்து லிங்க்ட்இன் சமரசம் செய்துகொண்டது. முதல் அழைப்புக்குப் பயனாளர் சம்மதித்திருக்கலாம், அடுத்தடுத்த நினைவூட்டல்களுக்குச் சம்மதித்தாரா என்பதே அந்த வழக்கின் முக்கியக் கேள்வி.

இந்தியாவிலும் இதற்கு ஒரு விதி இருக்கிறது, அதிகம் பேசப்படாத விதி. மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2023 நவம்பர் 30 அன்று வெளியிட்ட வழிகாட்டு நெறிமுறைகள், பயனாளரை ஏமாற்றும் 13 வகை வடிவமைப்புத் தந்திரங்களைப் பட்டியலிடுகின்றன. விடாமல் கேட்டு நச்சரித்து ஒரு வணிகச் செயலுக்குள் தள்ளுவதும் அதில் ஒன்று. ஆனால் லூடோ அழைப்புக்காக நுகர்வோர் ஆணையத்தின் படியேறப்போகிறவர் யார்? விதியை நம்பிக் காத்திருப்பதைவிட, தொல்லை எங்கிருந்து வருகிறது என்று கண்டுபிடித்து அங்கேயே நிறுத்துவது சுலபம்.

பலரும் சறுக்குவது அந்தக் கண்டுபிடிப்பில்தான். திரையின் மேலே வந்து நிற்கிற எல்லாமே பார்வைக்கு ஒன்றுபோல இருக்கும். மனிதர் ஒருவர் கையால் அனுப்பிய செய்தியும், ஆட்டச் செயலி தானே எழுப்பும் நினைவூட்டலும், ஃபேஸ்புக் போன்ற தளம் அனுப்புவதும், இணைய உலாவி வழியே ஏதோ ஒரு வலைதளம் தள்ளிவிடுவதும் ஒரே மணியோசையோடு வருகின்றன. ஒன்றுக்கான மருந்து இன்னொன்றுக்கு வேலை செய்யாது. வாட்ஸ்அப்பில் மதினியைத் தடை செய்துவிட்டால், மதினியின் மகள் கல்யாணப் பத்திரிகைதான் வராமல் போகும். ஆட்டச் செயலியின் நினைவூட்டல் வந்துகொண்டேதான் இருக்கும்.

அறிவிப்பின் மேல் விரலை வைத்துச் சற்று அழுத்திப் பிடியுங்கள். எந்தச் செயலி அனுப்பியது என்று ஆண்ட்ராய்டு சொல்லும், அங்கேயே அணைக்கவும் விடும். அவசரத்தில் தள்ளிவிட்டவற்றைப் பிறகு பார்க்க வேண்டுமானால், ஆண்ட்ராய்டு 11 முதல் அறிவிப்பு வரலாறு என்ற பகுதி அமைப்புகளுக்குள் இருக்கிறது. அதை முதலில் இயக்கி வைக்க வேண்டும். இரண்டு நாள் ஓடவிட்டுப் பார்த்தால் குற்றவாளி யாரென்று தெரிந்துவிடும். பல சமயம் அது நாம் சந்தேகப்பட்டவராக இருக்காது.

இடத்துக்கு ஏற்ற மருந்து

ஆட்டச் செயலியே அனுப்பினால் வேலை எளிது. 2017இல் வந்த ஆண்ட்ராய்டு 8 முதல் ஒரு செயலியின் அறிவிப்புகளை வகைவகையாகப் பிரித்து அணைக்க முடிகிறது. 2022இல் வந்த ஆண்ட்ராய்டு 13 முதல், புதிதாக நிறுவும் செயலி அறிவிப்பு அனுப்ப உங்களிடம் அனுமதி கேட்டாக வேண்டும். ஆப்பிள் செல்போன்களில் வெளிச் செயலிகளுக்கு இந்த வசதி வந்த 2009 முதலே கேட்கும் வழக்கம் இருந்தது. நம் ஊரில் கைமாறிக் கைமாறிப் புழங்கும் பழைய ஆண்ட்ராய்டு செல்போன்களில் நிலைமை தலைகீழ். கேட்காமலேயே அனுமதி கிடைத்துவிடும், நாமாகத் தேடிப்போய் அணைக்க வேண்டும். அப்பத்தா கையில் இருப்பது பேரன் கழித்துக்கட்டிய செல்போன். அதில் பேரன் காலத்து ஆட்டங்கள் எல்லாம் இன்னும் கூவிக்கொண்டிருக்கும்.

எந்த ஆட்டமும் நிறுவாத செல்போனில் ரம்மி, லாட்டரி என்று அறிவிப்பு வந்தால், பெரும்பாலும் குரோம் உலாவிதான் வழி. ஏதோ ஒரு வலைதளத்தில் படமோ பாட்டோ தேடிப் போனபோது 'அனுமதி' என்று ஒரு பெட்டி வந்திருக்கும், அது மறைந்தால் போதும் என்று அழுத்தியிருப்போம். அறிவிப்பின் ஓரத்தில் குரோமின் பெயரும் வலைதள முகவரியும் சிறிய எழுத்தில் தெரியும். குரோமின் அமைப்புகளில் தள அமைப்புகள், அதற்குள் அறிவிப்புகள் என்று போனால் அனுமதி பெற்ற தளங்கள் வரிசையாக நிற்கும். பெயரே தெரியாத தளங்கள் அங்கே குடியிருப்பதைப் பார்த்துப் பலர் திகைத்துப் போகிறார்கள். எல்லாவற்றையும் நீக்கிவிடலாம், ஒரு நட்டமும் இல்லை.

ஃபேஸ்புக்கில் இரண்டு வசதிகள் இருக்கின்றன. அமைப்புகளில் செயலிகளும் வலைதளங்களும் என்ற பகுதிக்குள் போய், ஆட்டங்கள் அனுப்பும் அறிவிப்புகளை மொத்தமாக அணைக்கலாம். தடை செய்தல் என்ற பகுதியில், ஒருவரிடமிருந்து வரும் செயலி அழைப்புகளை மட்டும் தடுக்கலாம். இரண்டாவது நம் ஊருக்கு மிகவும் பொருத்தமான வசதி. அவருடைய நட்பு அப்படியே இருக்கும், பதிவுகள் தெரியும், பிறந்த நாள் வாழ்த்தும் வரும். ஆட்ட அழைப்பு மட்டும் வராது. அவருக்கு இது தெரியவும் தெரியாது. மெசஞ்சருக்குள்ளேயே ஆடும் ஆட்டங்களை 2016 நவம்பரில் தொடங்கினார்கள். 2019இல் அவற்றை ஃபேஸ்புக் செயலிக்கு மாற்றும் வேலை ஆரம்பமானது. அதனால் மெசஞ்சரில் தேடிக் களைக்காமல் ஃபேஸ்புக்கின் அமைப்புகளிலேயே தேடுவது நல்லது.

டெலிகிராம் தனி ரகம். 2016இலேயே அது ஆட்டங்களை உள்ளே விட்டுவிட்டது. 2024இல் நாட்காயின், ஹாம்ஸ்டர் காம்பாட் என்று திரையைத் தட்டித் தட்டி 'நாணயம்' சேர்க்கும் ஆட்டங்கள் அதில் பரவியபோது, ஆளைச் சேர்த்தால் கூடுதல் நாணயம் என்ற ஆசையில் கல்லூரிப் பிள்ளைகள் தொடர்புப் பட்டியல் முழுவதற்கும் இணைப்பை அனுப்பித் தீர்த்தார்கள். டெலிகிராமில் ஒரு விதியை நினைவில் வைத்தால் போதும்: தானியங்கிக் கணக்கு (பாட்) எதுவும் முதலில் உங்களோடு பேச்சைத் தொடங்க முடியாது. அது உங்களை நச்சரிக்கிறது என்றால் எப்போதோ ஒருமுறை நீங்களோ உங்கள் பிள்ளையோ 'தொடங்கு' என்று அழுத்தியிருக்கிறீர்கள். அந்தக் கணக்கை நிறுத்தித் தடை செய்தால் முடிந்தது. முன்பின் தெரியாத குழுக்களில் இழுத்துச் சேர்க்கப்படுவதைத் தனியுரிமைப் பகுதியில், குழுக்களும் சேனல்களும் என்ற இடத்தில், 'என் தொடர்புகள்' என்று மாற்றி நிறுத்தலாம். மாற்றாதவரை யார் வேண்டுமானாலும் சேர்க்கலாம் என்பதே அங்கே இயல்புநிலை.

வாட்ஸ்அப்பை உருவாக்கியவர்களில் ஒருவரான பிரையன் ஆக்டன், விளம்பரம் வேண்டாம், விளையாட்டு வேண்டாம், வித்தைகாட்டல் வேண்டாம் என்று ஒரு துண்டுச் சீட்டில் எழுதிக் கையெழுத்துப் போட்டார். அதை அவருடைய கூட்டாளி ஜான் கூம் தன் மேசையில் வைத்திருந்தார். 2014இல் ஃபேஸ்புக் 1,900 கோடி டாலருக்கு வாங்குவதாக அறிவித்த பிறகு அந்தச் சீட்டின் வாக்கு முழுதாக நிற்கவில்லை. வாட்ஸ்அப்பின் அப்டேட்ஸ் பகுதியில் விளம்பரம் வைக்கும் முடிவை 2025 ஜூனில் அறிவித்தார்கள். என்றாலும் உரையாடல்களைப் பொறுத்தவரை, உறவினரிடமிருந்து வருகிற லூடோ அழைப்பை வாட்ஸ்அப் தயாரிப்பதில்லை. ஆட்டச் செயலியில் 'பகிர்' என்று அழுத்தியபோது உருவான ஒரு சாதாரணச் செய்தி அது, அனுப்பியவர் மனிதர்.

ஆகவே வாட்ஸ்அப்பில் 'ஆட்ட அழைப்புகளை நிறுத்து' என்றொரு பொத்தானைத் தேடிப் பயனில்லை. அப்படியொன்று கிடையாது. தொழில்நுட்பம் கைவிரித்து, உறவுமுறை தொடங்குகிற இடம் இதுதான், அதனால்தான் இது எல்லாவற்றையும்விடக் கடினமாக இருக்கிறது. குழுவை விட்டு வெளியேறலாம். 2022 ஆகஸ்ட் முதல், வெளியேறுவது எல்லாருக்கும் அறிவிக்கப்படுவதில்லை, நிர்வாகிக்கு மட்டும்தான் அறிவிப்புப் போகும். பங்காளிகள் குழுவின் நிர்வாகி யார் என்று யோசித்தால் இந்த ஆறுதலின் அளவு விளங்கிவிடும். பெரியப்பா மகன். கோவில் வரி வசூலிக்கிறவரும் அவரே.

எனக்குப் பிடித்த வழி, குழுவை ஆவணக்காப்பில் (Archive) போடுவது. 2021 ஜூலைக்குப் பிறகு, அப்படி ஒதுக்கிய உரையாடல் புதிய செய்தி வந்தாலும் மேலே எழும்பி வராது, மணியும் அடிக்காது. உங்கள் பெயரைக் குறிப்பிட்டோ, உங்கள் செய்திக்குப் பதிலாகவோ யாராவது எழுதினால் மட்டும் தெரிவிக்கும். நாளுக்கு ஒருமுறை சாவகாசமாகப் போய்ப் பார்த்துக்கொள்ளலாம். அந்த அளவுக்கு ஒதுக்க மனமில்லாதவர் ஒலியை மட்டும் நிறுத்தலாம். 8 மணி நேரம், ஒரு வாரம், எப்போதும் என்று மூன்று தெரிவுகள் இருக்கின்றன. 'எப்போதும்' வந்தது 2020 அக்டோபரில். நீங்கள் ஒலியை நிறுத்தியது யாருக்கும் தெரியாது. நம் குடும்பங்களுக்குத் தேவையான நாகரிகம் இதில் இருக்கிறது.

கேட்காமல் புதிய குழுக்களில் சேர்க்கப்படும் தொல்லைக்கு 2019இலேயே வழி வந்துவிட்டது. தனியுரிமைப் பகுதியில் குழுக்கள் என்ற இடத்தில், தொடர்பில் உள்ளவர்கள் மட்டும் சேர்க்கலாம் என்றோ, அவர்களிலும் இன்னின்னார் சேர்க்க முடியாது என்றோ மாற்றலாம். இதைச் செய்யாத செல்போன்கள்தான் 'தினமும் வருமானம்' குழுக்களுக்குள் இழுக்கப்படுகின்றன.

எல்லா அறிவிப்புகளையும் ஒரேயடியாக அணைப்பதை நான் ஏற்கவில்லை. மதுரையில் செல்போன் முழுதாக வாய்மூடும் இடம் ஒன்று உண்டு. 2018 முதல் மீனாட்சி அம்மன் கோவிலுக்குள் பக்தர்கள் செல்போன் கொண்டுபோக முடியாது, வாசலில் கொடுத்து டோக்கன் வாங்க வேண்டும். அது ஒரு மணி நேரத்துக்கு நல்லது. ஆனால் வயிற்றுப்பாடு செல்போனில் இருக்கிறவர்களின் நிலை வேறு. மல்லிகைப் பூவை மாட்டுத்தாவணி மலர்ச் சந்தைக்கு அனுப்பும் விவசாயிக்கு விலை விவரம் விடியுமுன் செல்போனில் வருகிறது. முகூர்த்த நாளில் அந்த விலை காலைக்கும் மதியத்துக்கும் இடையே ஏறி இறங்கும். அவருக்குத் தேவை அமைதி இல்லை, பிரிப்பு. வியாபாரியின் எண் மணியடிக்க வேண்டும், மிட்டாய் ஆட்டம் அடிக்கக் கூடாது. செல்போனின் 'தொந்தரவு செய்ய வேண்டாம்' வசதியில் குறிப்பிட்ட ஆட்களுக்கு மட்டும் விலக்குக் கொடுக்கலாம். அதைச் சொல்லித் தரத்தான் ஆள் இல்லை.

தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையத்தின் 1909 எண்ணில் பதிவு செய்துவிட்டேன், அப்படியும் வருகிறதே என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். அந்தப் பதிவு விளம்பரத் தொலைபேசி அழைப்புகளுக்கும் குறுஞ்செய்திகளுக்கும் மட்டும். வாட்ஸ்அப்பும் ஆட்டச் செயலிகளும் இணையம் வழியே வருபவை. அந்தப் பதிவு அவற்றைத் தொடாது.

பணம் சேரும்போது

இதுவரை சொன்னது எரிச்சல் அளவிலான தொல்லை. அழைப்போடு பணம் சேரும்போது கதை மாறுகிறது. இந்த விவகாரத்தில் மதுரைக்கு நேரடிப் பங்கு உண்டு. சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2020 ஜூலையில் ஒரு சீட்டாட்ட வழக்கை விசாரித்தபோது, ஆன்லைன் ரம்மி போன்றவற்றை ஒழுங்குபடுத்தச் சட்டம் தேவை என்று அரசுக்குச் சுட்டிக்காட்டியது. காட்டுக்குள் உட்கார்ந்து சீட்டாடினால் போலீஸ் வரும், கைக்குள் இருக்கும் செல்போனில் ஆட வரச் சொல்லி அழைப்பு வரும் என்ற முரண் யாருக்கும் புரியக்கூடியது. அதே ஆண்டு நவம்பரில், இந்த ஆட்டங்களின் விளம்பரத்தில் தோன்றிய கிரிக்கெட், திரைப் பிரபலங்களுக்கு மதுரைக் கிளை நோட்டீஸ் அனுப்ப உத்தரவிட்டது. சில வாரங்களில் தமிழக அரசு அவசரச் சட்டம் கொண்டுவந்தது. அதன் வழி வந்த சட்டத்தை 2021 ஆகஸ்டில் உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 2022இல் புதிய சட்டம் பேரவையில் நிறைவேறி, ஆளுநர் திருப்பி அனுப்பி, மீண்டும் நிறைவேற்றி, 2023 ஏப்ரலில் ஒப்புதல் கிடைத்தது. 2025 பிப்ரவரியில், பணம் வைத்து ஆடும் ஆட்டங்களுக்கு நள்ளிரவு 12 மணி முதல் காலை 5 மணி வரை தடை என்ற விதி வந்தது. ஆட்டம் தூக்கத்தைத் திருடுகிறது என்பதை ஓர் அரசு விதியாகவே எழுதிய இடம் அது. நிறுவனங்கள் எதிர்த்து வழக்காடின, அதே ஆண்டு ஜூனில் உயர் நீதிமன்றம் விதியை உறுதிசெய்தது.

2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் ஆன்லைன் பண ஆட்டங்களையே தடை செய்யும் சட்டத்தை நிறைவேற்றியது. 22ஆம் தேதி குடியரசுத் தலைவர் ஒப்புதல் அளித்தார். நடத்துபவருக்கு 3 ஆண்டு வரை சிறை அல்லது ஒரு கோடி ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும். விளம்பரம் செய்தால் 2 ஆண்டு வரை சிறை அல்லது 50 லட்சம் ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும். பெரிய நிறுவனங்கள் சில நாட்களிலேயே பண ஆட்டங்களை நிறுத்திக்கொண்டன. மிச்சம் இருப்பவை சட்டத்துக்குப் பயப்படாதவை. செயலிக் கடையில் இடம் இல்லாததால் அவை நம்பியிருப்பதே வாட்ஸ்அப், டெலிகிராம் அழைப்புகளைத்தான். நேரடியாக நிறுவச் சொல்லி ஒரு கோப்பை அனுப்புவார்கள். ஆளைச் சேர்த்தால் கமிஷன் என்பார்கள்.

இங்கே உறவுமுறை பார்க்கக் கூடாது என்பதே என் கருத்து. மச்சான் அனுப்பினாலும் அந்தக் கோப்பைத் திறக்காதீர்கள். அந்தக் கோப்பு குறுஞ்செய்தியைப் படிக்க அனுமதி வாங்கிவிட்டால், வங்கியின் ஒருமுறைக் கடவுச்சொல்லும் அதன் கையில். மச்சானின் கணக்கே களவுபோய், அவர் பெயரில் வேறு யாரோ அனுப்பியிருக்கவும் கூடும். அவருக்குத் தொலைபேசியில் பேசிக் கேட்டுவிடுங்கள். கமிஷனுக்காக இணைப்பை அனுப்புகிறவர்களும், விளம்பரம் பற்றிய பிரிவின் சொற்கள் எவ்வளவு அகலமானவை என்று ஒருமுறை படித்துப் பார்ப்பது நல்லது. மின்னணு வழியில் நேரடியாகவோ மறைமுகமாகவோ தூண்டுவதற்கு உதவுவதையும் அது சேர்த்தே சொல்கிறது. பணம் போய்விட்டால் தாமதிக்காமல் இணைய மோசடிப் புகாருக்கான 1930 எண்ணுக்கு அழைக்க வேண்டும். பணம் கணக்கு மாறி மாறிப் போவதற்குள் முடக்க வாய்ப்பு இருப்பது முதல் சில மணி நேரத்தில்தான்.

சாதாரண ஆட்டத்துக்கு வருவோம். மதினியிடமிருந்து வரும் அழைப்பை உங்கள் செல்போனில் தடுப்பதைவிட, மதினியின் செல்போனில் நிறுத்துவது பயன் தரும். அடுத்த முறை விசேஷத்தில் பார்க்கும்போது பத்து நிமிடம் வாங்கிக்கொள்ளுங்கள். அமைப்புகளில் அந்த ஆட்டத்தின் அனுமதிகளுக்குள் போய்த் தொடர்புகளைப் பார்க்கும் உரிமையை நீக்க வேண்டும். பிறகு ஃபேஸ்புக்கில் செயலிகளும் வலைதளங்களும் பகுதிக்குள் போய் அந்த ஆட்டத்தின் பெயரையே அழிக்க வேண்டும். செல்போனிலிருந்து ஆட்டத்தை நீக்கினால் மட்டும் இந்த இணைப்பு அறுவதில்லை, பலர் விட்டுவிடுவது இதைத்தான். ஆட்டத்தை விட அவருக்கு மனமில்லை என்றால் விட வேண்டியதில்லை. தொடர்புப் பட்டியல் இல்லாமலும் மிட்டாய்கள் உடையும், 30 நிமிடம் காத்திருந்தால் உயிரும் வரும்.